லிஃப்ட்காரர் வீட்டு நாட்காட்டி

எங்கள் எதிர்வீட்டுக்காரருக்கு லிஃப்ட் பழுது பார்க்கிற வேலை. கட்டடம் முழுக்க அவருக்கு லிஃப்ட்காரர் என்றுதான் பெயர். அவர் மனைவிகூடக் கோபம் வந்தால், "இந்த லிஃப்ட்காரரைக் கட்டிக்கிட்டு..." என்றுதான் தொடங்குவார். லிஃப்ட்காரர் இடுப்பில் ஒரு முக்கோணச் சாவி தொங்கும். எந்த லிஃப்டின் வெளிக்கதவையும் அது திறக்கும். வீட்டுச் சாவியை அடிக்கடி தொலைப்பவர், இந்தச் சாவியை மட்டும் குளிக்கப் போகும்போது மனைவியின் கையில் கொடுத்துவிட்டுத்தான் போவார்.

அவரைப் பற்றிச் சொல்வதென்றால் ஒரு பேரரசிலிருந்து தொடங்க வேண்டும்.

லிஃப்ட் நடுவில் நின்றுவிட்டால் உள்ளே இருப்பவருக்குப் பெரும்பாலும் ஆபத்து ஒன்றுமில்லை. காற்று வரும், விளக்கு எரியும், கயிறு அறாது. ஆனால் இதையெல்லாம் வெளியிலிருந்து எத்தனை தடவை சொன்னாலும் உள்ளே இருப்பவர் மனதில் ஏறாது. "கயிறு அறாதுங்க" என்று சொன்ன பிறகுதான் கயிறு என்று ஒன்று இருப்பதே பலருக்கு நினைவு வரும். அதனால் லிஃப்ட்காரர் வேறு வழி வைத்திருந்தார். கூட்டாளி மொட்டைமாடி மோட்டார் அறையில் சக்கரத்தைக் கையால் சுற்றிக்கொண்டிருக்க, இவர் கதவருகே குத்துக்காலிட்டு உட்கார்ந்து, சந்தில் வாயை வைத்து, விலாசம் விசாரிப்பவர்போலச் சாவகாசமாகக் கேட்பார்: "எந்த மாடியில ஏறினீங்க? எந்த மாடிக்குப் போகணும்?"

பதில் வந்ததும், "அப்படின்னா இப்ப நீங்க ரெண்டு மாடியிலயும் இல்ல. அந்தரப் பேரரசுக்குள்ள வந்துட்டீங்க. நான்தான் எல்லைக் காவல். கொஞ்சம் விசாரிக்கணும்" என்பார்.

உள்ளே அழுகை நின்றுவிடும். பயத்தை விட்டுவிட்டு, இந்த ஆளுக்கு மூளை சரியாக இருக்கிறதா என்று யோசிக்கத் தொடங்குவார்கள். அவருக்கு அது போதும்.

பேரரசு பிறந்ததும் ஒரு லிஃப்டில்தான். அப்போது அவர் வேலைக்குச் சேர்ந்த புதிது. பல் மருத்துவமனை இருந்த ஒரு கட்டடத்தில் லிஃப்ட் நின்றுவிட்டது. உள்ளே ஒரு பெண், தனியாக. பல்செட் செய்யும் கூடத்தில் வேலை பார்ப்பவர். மருத்துவரிடம் கொடுக்க வேண்டிய பல்செட்டுகள் ஒரு பெட்டி நிறைய அவர் மடியில். அவர் அழ அழப் பெட்டி குலுங்கி, உள்ளே அத்தனை பற்களும் கடகடவென்று சிரித்துக்கொண்டிருந்தன. "நான் எங்கங்க இருக்கேன்?" என்று அவர் கேட்டார். மூன்றுக்கும் நாலுக்கும் நடுவில் என்று சொன்னால் இன்னும் அழுவாரோ என்ற தயக்கத்தில், "எந்த மாடியிலயும் இல்லீங்க" என்று இவர் வாயிலிருந்து வந்துவிட்டது. பெட்டி குலுங்குவது நின்றது. உள்ளேயிருந்து, "அப்ப இது எந்த ஊரு?" என்று குரல் வந்தது.

"நான் கேக்காட்டி ஊரே கிடையாது" என்று பல்செட் அக்கா இன்றைக்கும் சொல்வார். அந்தப் பெண்தான் பிறகு லிஃப்ட்காரரின் மனைவி. நாங்கள் அவரைப் பல்செட் அக்கா என்போம்.

லிஃப்டின் தளம் மாடித் தரைக்கு இடுப்பளவு கீழே நின்றிருந்ததால், அவர் மேலே ஏறி வரவேண்டியிருந்தது. வழுக்கக் கூடாதென்று செருப்பைக் கழற்றி முதலில் நீட்டினார். ஒரு கையால் வாங்கினால் கீழே விழுந்துவிடும் என்று இவர் இரண்டு கையாலும் வாங்கினார். அப்புறம் பல்செட் பெட்டி வந்தது. அப்புறம்தான் ஆள்.

கல்யாணத்துக்கு இரண்டு வீட்டிலும் சம்மதமில்லை. இரண்டு வீட்டிலும் கதவைச் சாத்திவிட்டார்கள். அந்தக் கதவுகளுக்கு முக்கோணச் சாவி பொருந்தவில்லை. தெருவே ஏதோ ஒரு விசேஷத்தில் கலகலத்துக் கிடந்த நாளில், இவர்கள் இருவரும் வாடகை அறையில் வேடிக்கை பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். "நமக்குன்னு ஒரு நாள்கூட இல்லையாங்க?" என்று அக்கா கேட்டாராம். "ஏன் இல்ல? நீ செருப்பு குடுத்த நாள் இருக்கே" என்றாராம் இவர்.

அப்படித்தான் நாட்காட்டி வந்தது. அதை அவர்கள் வீட்டுக் கூடத்தில் பார்க்கலாம். மேலிருந்து கீழ்வரை சுவரில் ஒட்டிய நீளக் காகிதப் பட்டை. பட்டை நெடுக நாட்கள், மாடிமாடியாக. மேலே ஓர் ஆணி, கீழே ஓர் ஆணி, இரண்டையும் சுற்றி ஒரு நூல், நூலில் கட்டிய தீப்பெட்டி. அதுதான் லிஃப்ட். தினமும் காலையில் நூலை இழுத்துத் தீப்பெட்டியை ஒரு நாள் நகர்த்துவார்கள். பாதி வருஷம் மேலே போகும், பாதி வருஷம் இறங்கும். வருஷப் பிறப்பு சுவரின் நட்டநடுவில். "அந்தரத்துலதானே ஆரம்பிக்கணும்" என்பார் லிஃப்ட்காரர். கயிறு மாதம், கப்பி மாதம், கதவு மாதம், எடைக்கல் மாதம் என்று மாதங்களுக்கும் பெயர் உண்டு. பேரரசர் என்று ஒருவரும் உண்டு, ஆனால் யாரும் பார்த்ததில்லை. கீழே கேட்டால் மேலே போயிருக்கிறார் என்பார்கள். மேலே கேட்டால் இப்போதுதான் இறங்கினார் என்பார்கள்.

லிஃப்ட்காரர் யாரையாவது வெளியே எடுத்துவிட்டு வீட்டுக்கு வந்தால், அந்தத் தேதி பண்டிகையாகிவிடும். ஒருவர் மகனின் பிறந்தநாளுக்கு ஐஸ்கிரீம் டப்பாவோடு மாட்டிக்கொண்டார். அது உருகிய ஐஸ்கிரீம் நாள். அன்று ஐஸ்கிரீமை வெயிலில் வைத்து, கரைந்த பிறகு டம்ளரில் ஊற்றிக் குடிக்க வேண்டும். வேலைக்கான நேர்காணலுக்குப் போன ஒருவர் கோட்டும் டையுமாக உள்ளேயே நின்றுவிட்டார். அது எங்கேயும் போகாத நாள். எல்லோரும் இருப்பதிலேயே நல்ல உடுப்பைப் போட்டுக்கொண்டு வீட்டுக்குள் உட்கார்ந்து ஒருவரையொருவர் கேள்வி கேட்பார்கள். முடிவில் எல்லோருக்கும் வேலை கிடைக்கும். குடியிருப்போர் சங்கத்தில் ஜென்மப் பகையாக இருந்த தலைவரும் செயலாளரும் ஒன்றாக மாட்டிக்கொண்ட தேதியில், காலையிலிருந்து சண்டை போட அனுமதி உண்டு. மணி அடித்ததும் நிறுத்திவிட வேண்டும். அந்த நாளுக்காகவே பல்செட் அக்கா வருஷம் முழுக்கச் சிலதைச் சேர்த்து வைத்திருப்பார். ஒரு நாய் தனியாக ஏறி மாட்டிக்கொண்டதும் உண்டு. அதையும் எல்லைக் காவல் முறைப்படி விசாரித்தார். அந்தத் தேதியில் வெளியே கிளம்புகிறவரை எங்கே போகிறாய் என்று யாரும் கேட்கக் கூடாது.

எனக்கும் ஒரு நாள் உண்டு. இந்தக் கட்டடத்துக்குக் குடிவந்த அன்று புத்தக அலமாரியோடு லிஃப்டில் மாட்டிக்கொண்டேன். வெளியிலிருந்து அவர் பேரரசைப் பற்றி எவ்வளவோ கேட்டார். எனக்குப் புது ஆளிடம் பேச்சு வராது. எல்லாவற்றுக்கும் "ம்" என்றேன். இப்போது அந்தத் தேதியில் எதிர்வீட்டில் யார் என்ன கேட்டாலும் "ம்" என்று மட்டும்தான் பதில். அக்காவுக்கு அது ரொம்பக் கஷ்டமான பண்டிகை.

இதில் கஷ்டப்பட்ட இன்னொருவர் அவர்களுடைய ஒரே மகள். சின்ன வயதில் பட்டத்து இளவரசி என்று கூப்பிட்டால் ஓடி வந்தவள். கல்லூரிக்குப் போனபின் ஒரு தோழியை வீட்டுக்குக் கூட்டி வந்தாள். அன்று உருகிய ஐஸ்கிரீம் நாள் என்பதை மறந்துவிட்டாள். தோழி எல்லாவற்றையும் பார்த்து ரசித்துக் குடித்துவிட்டுப் போய், மறுநாள் வகுப்பில் அப்படியே நடித்துக் காட்டினாள். படிப்பு முடிகிறவரை இவளை எல்லோரும் மகாராணி என்றுதான் கூப்பிட்டார்கள். அதன்பின் அவள் யாரையும் வீட்டுக்குக் கூட்டி வரவில்லை.

படித்து முடித்து ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கும் வேலைக்குச் சேர்ந்தாள். அங்கே ஒரு பையன் கண்ணாடி வாங்கினான். பிறகு அது மூக்கில் நழுவுகிறது என்று வந்தான். சரி செய்து கொடுத்தாள். மறுபடியும் நழுவுகிறது என்று வந்தான். கண்ணாடியில் ஒரு கோளாறும் இல்லை என்பது அவளுக்கு முதல் தடவையே தெரியும். இரண்டு பேருக்கும் பிடித்துப்போயிற்று. லிஃப்ட்காரருக்கும் அக்காவுக்கும் சந்தோஷம். மிச்சமிருந்தது பையனின் அம்மா. அவனுக்கு அப்பா இல்லை, அம்மாதான் எல்லாம். அம்மா சரியென்றால்தான் சரி என்று அவன் சொல்லியிருந்தான்.

அந்த அம்மா நீச்சல் பயிற்சியாளர். ஊரில் பாதிப் பிள்ளைகள் அவர் விசில் சத்தத்துக்குத் தண்ணீரில் குதித்தவர்கள். எல்லோரும் அவரைக் கோச் என்பார்கள். ஒரே ஒரு தடவை லிஃப்ட்காரர் மகளிடம் போனில் பேசினார். "பொண்ணு, உன்னைப் பத்தி என் பையன் சொல்லிட்டான். அவன் சொல்றதுல பாதிதான் நான் நம்புவேன். வீட்டைப் பாக்கணும். வீட்டைப் பாத்தா ஆள் தெரிஞ்சிடும். வர்ற ஞாயித்துக்கிழமை வரேன்." அவ்வளவுதான். போனை வைத்துவிட்டார்.

மகள் போய் நாட்காட்டியைப் பார்த்தாள். தீப்பெட்டி சுவரின் நடுவை நெருங்கிக்கொண்டிருந்தது. வர்ற ஞாயிறு பேரரசின் வருஷப் பிறப்பு, செருப்பு நாள். அன்று அந்த வீட்டுக்கு யார் வந்தாலும் வாசலில் நின்று செருப்பைக் கழற்றி முதலில் உள்ளே நீட்ட வேண்டும். வீட்டார் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு, "எங்கேருந்து வர்றீங்க?" என்று கேட்பார்கள். வந்தவர், "நடுவுலேருந்து" என்று சொல்ல வேண்டும். அப்புறம்தான் உள்ளே வரலாம்.

நான் வாங்கிப் போயிருந்த அவர்கள் வீட்டு ஏணியைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது உள்ளே பேச்சு நடந்துகொண்டிருந்தது.

"அப்பா, ஒரே ஒரு நாள்ப்பா. இந்த ஞாயித்துக்கிழமை மட்டும் பேரரசு வேணாம்."

"அன்னிக்கு வருஷப் பிறப்பும்மா."

"அதனாலதான் சொல்றேன். அவங்க செருப்பை வாங்கி நீங்க எங்கேருந்து வர்றீங்கன்னு கேட்டா, அவங்க வந்த வழியே போயிடுவாங்க. அதோட முடிஞ்சுது."

லிஃப்ட்காரர் தலையைச் சொறிந்தார். பல்செட் அக்கா பாத்திரம் துடைத்துக்கொண்டே, "அப்பன் வீடு, மாமியார் வீடு ரெண்டுலயும் என் நாளைப் பறிச்சாங்க. இப்பப் பெத்த பொண்ணே ரத்து பண்றா. நான் குடுத்து வெச்சது அவ்வளவுதான்" என்றார். குரலில் அழுகை இல்லை, வம்புதான் இருந்தது. "சரி, பேரரசுக்கு அன்னிக்கு லீவு விட்டுடுங்க. கல்யாணத்துக்கு மேலயா ஒரு தீப்பெட்டி?"

"என்ன தம்பி, நீங்க என்ன சொல்றீங்க?" என்று லிஃப்ட்காரர் என்னைப் பார்த்தார்.

"ம்" என்றேன்.

"பாருங்க, இவரே சொல்லிட்டாரு" என்றாள் மகள்.

சனிக்கிழமையே நாட்காட்டியைப் பக்குவமாக உரித்துச் சுருட்டிக் கட்டிலுக்கடியில் வைத்தார்கள். சுவரில் மேலிருந்து கீழ்வரை ஒரு வெளிறிய பட்டை மிச்சமாயிற்று. அதை மறைக்க ஒரு கடிகாரம் மாட்டினார்கள். கடிகாரம் சின்னது, பட்டை பெரியது. சுவர் ஏதோ சொல்ல வாயெடுத்து நிறுத்தினதுபோல் இருந்தது.

ஞாயிறு காலை லிஃப்ட்காரருக்குக் கை சும்மா இருக்கவில்லை. ஒவ்வொரு வருஷமும் அந்நேரத்துக்கு அவர் வாசலில் நின்று பால்காரர் செருப்பு முதற்கொண்டு வாங்கிக்கொண்டிருப்பார். இந்த வருஷம் வாங்க ஒன்றுமில்லை. கொண்டாட வழியில்லாத பண்டிகை கையிலேயே தங்கிவிட்டது. எங்கேயாவது அதைக் கொட்டியாக வேண்டும். போய்க் கட்டடத்து லிஃப்டில் கொட்டினார். கண்ணாடியைத் துடைத்தார், கதவுத் தடத்துக்கு எண்ணெய் போட்டார், விளக்கை மாற்றினார், வாசனைத் தண்ணீர் அடித்தார். அதோடு நின்றிருக்கலாம். வீட்டிலிருந்து சிவப்புக் கம்பளம் ஒன்றைக் கொண்டுவந்து லிஃப்டுக்குள் விரித்தார். அது லிஃப்டைவிட ஒரு சாண் நீளம். ஓரத்தை உள்பக்கமாக மடித்துவிட்டார்.

அதே லிஃப்டின் சுவரில் அவரே எழுதி ஒட்டிய அறிவிப்பு ஒன்று உண்டு. 'கதவருகே கால்மிதி, கோணி, துணி எதுவும் போடாதீர்கள். கதவில் சிக்கினால் லிஃப்ட் நின்றுவிடும்.' இதற்காக முதல் மாடியிலிருந்த ஒரு குடும்பத்தோடு அவருக்குப் பேச்சுவார்த்தையே இல்லாமல் இருந்தது.

கோச் சொன்ன நேரத்துக்கு முன்னாலேயே வந்துவிட்டார். பையன் வண்டி நிறுத்த இடம் தேடிப் போனான். கோச்சுக்குக் காத்திருக்கிற பழக்கம் கிடையாது. நேரே லிஃப்டில் ஏறிப் பொத்தானை அழுத்தினார். அவர் கால் பட்டதில் கம்பளத்தின் மடிப்பு விரிந்து, ஓரம் வாசலைத் தாண்டி நாக்கு நீட்டியது. அதன்மேல் கதவு மூடியது. லிஃப்ட் கொஞ்சம் எழும்பியது, கம்பளம் விறைத்தது, கதவை இழுத்தது, எல்லாம் நின்றது.

நான் அப்போது கீழே கடைக்குப் போய்விட்டு வந்துகொண்டிருந்தேன். முதலில் அபாய மணி கேட்டது. பிறகு கட்டடம் அதிர ஒரு விசில். நீச்சல் குளத்துக்கே கேட்டிருக்கும். எல்லா மாடியிலும் கதவு திறந்தது. லிஃப்ட்காரர் படிகளில் இறங்கி ஓடி வந்தார், பின்னால் மகள், அவளுக்குப் பின்னால் அக்கா.

வெளிக்கதவு கம்பளம் சிக்கி ஒரு கை அகலத்துக்குத் திறந்து நின்றது. அந்தச் சந்தில், எங்கள் முழங்கால் உயரத்தில், இரண்டு செருப்புக் கால்கள் தெரிந்தன. லிஃப்ட்காரர் கம்பளத்தைப் பார்த்தார். அவர் முகத்தில் அப்படி ஓர் அவமானத்தை நான் அதுவரை பார்த்ததில்லை.

"யாரது வெளியில?" என்றது உள்ளேயிருந்து கோச்சின் குரல். கட்டளைக் குரல்தான், ஆனால் ஓரத்தில் நடுங்கியது. "இங்க ஒரு நோட்டீஸ் ஒட்டியிருக்கு. கதவருகே கால்மிதி போடாதீர்கள். இதை எழுதினது யாரு?"

"நான்தாங்க" என்றார் லிஃப்ட்காரர்.

"கால்மிதி போட்டது யாரு?"

"அதுவும் நான்தாங்க."

உள்ளே மூச்சு வாங்கும் சத்தம் கேட்டது. "நீங்கதான் பொண்ணோட அப்பாவா?"

"ஆமாங்க."

"ரொம்ப நல்லது" என்றார் கோச். அது நல்லதாகக் கேட்கவில்லை. மகள் கண்ணை மூடிக்கொண்டாள்.

லிஃப்ட்காரர் வேலையில் இறங்கிவிட்டார். வண்டியை நிறுத்திவிட்டு வந்த பையனைக் கதவுப் பக்கம் விடாமல் தோளைப் பிடித்து நிறுத்தினார். "யாரும் கம்பளத்தை இழுக்காதீங்க. நான் மேல போய்க் கரன்ட்டை நிறுத்திட்டுச் சக்கரத்தைச் சுத்தறேன். பெட்டி மெதுவா இறங்கும், கம்பளம் தானா விட்டுடும். மாப்பிள்ளை, நீங்க என்கூட வாங்க, ஆள் வேணும். தம்பி, நீங்க போன்ல இருங்க. எவ்வளவு இறங்கியிருக்குன்னு சொல்லணும்." பிறகு மகளிடம் குனிந்தார். "நீ இங்க உக்காந்து அவங்ககூடப் பேசிட்டே இரும்மா. உள்ள இருக்கறவங்களைப் பேச்சில்லாம விடக் கூடாது. அது ஒண்ணுதான் முக்கியம்."

"நான் என்னப்பா பேசறது?"

"எதையாவது பேசு." பேரரசு என்று அவர் சொல்லவில்லை. கொடுத்த வாக்கைக் காப்பாற்றினார். மொட்டைமாடிக்குப் படியேறிப் போய்விட்டார்.

மகள் கதவருகே குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். "ஆன்ட்டி, நல்லா இருக்கீங்களா?"

"பெட்டிக்குள்ள இருக்கேன். எப்படி நல்லா இருப்பேன்?"

"காத்து வரும் ஆன்ட்டி. பயப்படாதீங்க. கயிறெல்லாம் அறாது."

"கயிறா?"

அக்கா தலையில் அடித்துக்கொண்டார். மகள் அவசரமாக, "வெளியில இன்னிக்கு வெயில் கம்மி" என்றாள். பதில் இல்லை. "டிராஃபிக் இருந்துதா ஆன்ட்டி?" பதில் இல்லை. மூச்சுச் சத்தம் மட்டும் வேகமாக வந்தது. பிறகு, விசில் ஊதுகிறவரின் குரலா என்று நம்ப முடியாத ஒரு சின்னக் குரல்: "பொண்ணு, எனக்கு மூடின இடம் ஆகாது. தண்ணிக்கடியில எவ்வளவு நேரம் வேணா இருப்பேன். இது முடியல. நான் எங்க இருக்கேன் இப்ப? எந்த மாடி?"

மகள் அம்மாவைப் பார்த்தாள். அக்கா சுவரில் சாய்ந்துகொண்டு மகளையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன்.

"நீங்க எந்த மாடியிலயும் இல்ல" என்றாள் மகள். கதவுச் சந்துக்கு இன்னும் நெருங்கினாள். "அந்தரப் பேரரசுக்குள்ள வந்திருக்கீங்க. நான் எல்லைக் காவல். கொஞ்சம் விசாரிக்கணும்."

"என்னது?"

"கையில என்ன கொண்டு வந்திருக்கீங்க?"

"என்ன பேசறே நீ?"

"கையில என்ன இருக்குன்னு கேட்டேன். பதில் சொல்லாட்டி எல்லையைத் தாண்ட முடியாது."

"கைப்பை. விசில். உங்க வீட்டுக்கு வாங்கின பழம்."

"விசிலுக்கு அனுமதி வாங்கியிருக்கீங்களா?"

"எந்த ராஜாகிட்ட வாங்கணும்?" என்றார் கோச்.

"அவரை யாரும் பாத்ததில்ல. கீழ கேட்டா மேல போயிருக்காருன்னு சொல்வாங்க."

"எங்க நீச்சல் குளத்து மேனேஜர் மாதிரி."

அதன்பின் மகளை நிறுத்த முடியவில்லை. பல்செட்டுகள் சிரித்ததைச் சொன்னாள், ஐஸ்கிரீமைச் சொன்னாள், நாயை விசாரித்ததைச் சொன்னாள். தலைவரும் செயலாளரும் சண்டை போட்டதைச் சொன்னபோது மாடிப்படியில் கூடியிருந்த கூட்டத்தில் தலைவர் நெளிந்தார். ஒரு இடத்தில் அக்கா குறுக்கிட்டு, "அது அப்படியில்லடி, பெட்டி என் மடியில இருந்துது" என்று திருத்தினார். என் காதில் போன் வழியாக லிஃப்ட்காரர், "எவ்வளவு தம்பி?" என்று கேட்டபடி இருந்தார். "ஒரு சாண்" என்றேன். "இன்னும் ஒரு சாண்" என்றேன். மேலே சக்கரம் திரும்பத் திரும்ப, அந்தச் செருப்புக் கால்கள் எங்கள் கண்முன்னே மெல்ல இறங்கின.

"கீழ என்ன பேச்சு நடக்குது?" என்று போனில் லிஃப்ட்காரர் கேட்டார்.

"செருப்பு நாள்" என்றேன். "மாப்பிள்ளை, பிரேக்கை நல்லாப் பிடிங்க. எனக்குக் கண்ணு மறைக்குது" என்று அவர் பக்கத்திலிருந்தவனிடம் சொன்னது காதில் விழுந்தது.

"...அதனால அன்னிக்கு யார் வந்தாலும் முதல்ல செருப்பை நீட்டணும். நாங்க வாங்கிட்டு எங்கேருந்து வர்றீங்கன்னு கேப்போம். நடுவுலேருந்துன்னு சொல்லணும்" என்று மகள் முடித்தாள்.

"அது எந்த மாசம், எந்தத் தேதி?"

"இன்னிக்குதான். நீங்க வர்றீங்கன்னு நான்தான் வேணாம்னு நிறுத்தி வெச்சேன்."

கம்பளம் தளர்ந்து சொத்தென்று விழுந்தது. "தரைக்கு வந்துடுச்சு" என்று போனில் கத்தினேன். நான் கத்தினதே எனக்கு ஆச்சரியம். கதவை அகலத் திறக்கலாம் என்று மேலிருந்து உத்தரவு வந்தது. அதற்குள் சந்து வழியாக ஒரு கை நீண்டது. அதில் ஒரு ஜோடி செருப்பு. நீச்சல் குளத்துக்குப் போடுகிற தடித்த ரப்பர் செருப்பு.

மகள் பார்த்துக்கொண்டே இருந்தாள். "வாங்குடி" என்றார் அக்கா. இரண்டு கையாலும் வாங்கினாள். "எங்கேருந்து வர்றீங்க அத்தை?"

"நடுவுலேருந்து" என்றபடி கோச் வெறுங்காலோடு வெளியே வந்தார். உயரமான ஆள். வியர்த்து நனைந்திருந்தார். மகளின் தோளைப் பிடித்துக்கொண்டு நன்றாக மூச்சு விட்டார். பிறகு கூட்டத்தைப் பார்த்து, "என்ன வேடிக்கை? எல்லாரும் மேல போங்க" என்றார். எல்லோரும் போனார்கள்.

மாடிக்கு அவர் படியேறித்தான் வந்தார். நான் பழப்பையைத் தூக்கிக்கொண்டு பின்னால் போனேன். வீட்டுக்குள் நுழைந்ததும் அவர் கண் நேரே சுவருக்குப் போனது. வெளிறிய பட்டையையும் கடிகாரத்தையும் பார்த்தார். மொட்டைமாடியிலிருந்து கைகளில் கிரீஸோடு இறங்கி வந்து, தப்பு செய்த பையன்போல ஓரமாக நின்ற லிஃப்ட்காரரைப் பார்த்தார்.

"காலண்டர் எங்க?"

கட்டிலுக்கடியிலிருந்து அதை எடுத்து வந்து பழைய இடத்தில் மாட்டினார்கள். கோச் நின்றபடியே மேலிருந்து கீழ்வரை படித்தார். தீப்பெட்டியைத் தொட்டு ஆட்டிப் பார்த்தார். "சரி. இதுல என் நாள் எங்க போடுவீங்க?"

"இன்னிக்குத் தேதி என்னோடது. ஒரு தேதிக்கு ஒரு பண்டிகைதான், அது சட்டம்" என்றார் பல்செட் அக்கா, காபி டம்ளரை நீட்டிக்கொண்டே.

"நான் மாட்டினதும் இன்னிக்குத்தானே? பாதி குடுங்க."

"எத்தனை வருஷமா வெச்சிருக்கேன். பாதியெல்லாம் முடியாது."

மற்ற வீடுகளில் சம்பந்திகள் எதற்கெல்லாமோ பேரம் பேசுவார்கள். இவர்கள் இருவரும் ஒரு தேதிக்காக விட்டுக்கொடுக்காமல் உட்கார்ந்திருந்தார்கள். பையனும் மகளும் சமையலறை வாசலில் நின்று வாயைப் பொத்திக்கொண்டார்கள். கடைசியில் லிஃப்ட்காரர், "நாளைக்குத் தேதி காலியா இருக்குங்க" என்றார் மெதுவாக.

கோச் யோசித்தார். "அதுவும் சரிதான். எனக்கு இந்தப் படபடப்பு அடங்க நாளை வரைக்கும் ஆகும். விசில் நாள்னு எழுதுங்க. பயந்த அம்மா நாள், கியந்த அம்மா நாள்னு எழுதினா எனக்குக் கெட்ட கோபம் வரும். அன்னிக்குக் காலையில விசில் ஊதணும். ஊதினதும் கட்டடத்துல எல்லா வாசல்லயும் இருக்கிற கால்மிதியைச் சுருட்டி உள்ள வைக்கணும். முக்கியமா இந்த வீட்டுக் கம்பளம்."

"யார் ஊதறது?" என்றார் லிஃப்ட்காரர்.

"வேற யாரு ஊதுவா? நான்தான் வரணும்."

"வருஷா வருஷமா?"

"பண்டிகைன்னா வருஷா வருஷம்தானே?"

பையன் சமையலறை வாசலிலிருந்து, "அப்படின்னா அம்மா, உனக்குச் சரிதானா?" என்று கேட்டான்.

"வருஷா வருஷம் வர்றேன்கிறேன், சரிதானான்னு கேக்கறான் பாருங்க" என்று கோச் அக்காவிடம் சொன்னார். "மூக்குல கண்ணாடியே நிக்காதவன். இவனை நம்பித்தான் குடுக்கறீங்க, யோசிச்சுக்குங்க."

மறுநாள் காலையில் நான் பல் துலக்கிக்கொண்டிருந்தபோது படிக்கட்டில் விசில் சத்தம் கேட்டது. கதவைத் திறந்தேன். எல்லா மாடியிலும் ஆட்கள் குனிந்து கால்மிதிகளைச் சுருட்டிக்கொண்டிருந்தார்கள். லிஃப்ட்காரரோடு பேசாத முதல் மாடிக் குடும்பமும் சுருட்டியது. கோச் எங்கள் மாடியில் நின்றிருந்தார். அன்று லிஃப்டில்தான் ஏறி வந்தாராம். ஒரு பக்கம் லிஃப்ட்காரர், மறுபக்கம் மகள், நடுவில் அவர், கண்ணை இறுக மூடிக்கொண்டு.

என் கையிலிருந்த கால்மிதியைப் பார்த்துவிட்டு, "நேத்து போன்ல இருந்த தம்பிதானே? நீங்களும் இந்த நாட்டு ஆளா?" என்று கேட்டார்.

வாய் நிறையப் பற்பசை. "ம்" என்றேன்.